தள்ளி நிற்கத் தெரிந்த கேமரா

(திரைப்பட ஆர்வலர்களிடையே ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



சண்டைப்படம் என்றதும் நம் நாவில் முதலில் வருவது நடிகர்களின் பெயர்கள். புரூஸ் லீ, ஜாக்கி சான், ஜெட் லி. கொஞ்சம் ஆர்வம் கூடியவர்கள் யுவான் வூ-பிங், சம்மோ ஹங் என்று ஸ்டண்ட் மாஸ்டர்களைச் சொல்வார்கள். இன்னும் தோண்டிப் பார்த்தவர்கள் கிங் ஹூ, சாங் சே என்று இயக்குநர்களுக்குப் போவார்கள். அந்தச் சண்டைகளையெல்லாம் லென்ஸ் வழியாக முதலில் பார்த்தவனின் பெயர் மட்டும் எவர் வாயிலும் வராது. இன்று அப்படி ஒருவரைப் பற்றித்தான் பேச வந்திருக்கிறேன்.

1966இல் ஹாங்காங்கின் ஷா பிரதர்ஸ் நிறுவனம் 'கம் டிரிங்க் வித் மி' என்ற வாள்சண்டைப் படத்தை வெளியிட்டது. கிங் ஹூ இயக்கம், செங் பெய்-பெய் நாயகி. 1972 கடைசியில் புரூஸ் லீ தானே எழுதி, இயக்கி, நடித்த 'வே ஆஃப் த டிராகன்' வந்தது. ஒன்று வாள்சண்டைக்கு இலக்கணம் வகுத்த படம், மற்றது வெறுங்கைச் சண்டைக்கு. இரண்டு இயக்குநர்களுக்கும் ரசனையிலோ, வேலை செய்யும் முறையிலோ ஒட்டும் இல்லை, உறவும் இல்லை. ஆனால் இரண்டுக்கும் கேமராமேன் ஒருவரே. ஷா நிறுவனப் படங்களின் டைட்டிலில் அவர் பெயர் ஹோ லான்-ஷான். பெயர் சீனப் பெயர், ஆள் ஜப்பானியர். பெற்றோர் வைத்த பெயர் நிஷிமோட்டோ ததாஷி.

அவருடைய தொழில் வாழ்க்கையைப் படித்தபோது எனக்குத் தெளிவான விஷயம் ஒன்றுண்டு. சண்டைக் காட்சியில் ஒளிப்பதிவாளர் எடுக்கும் மிகப் பெரிய முடிவு லைட்டிங்கோ நிறமோ ஆகாது. எவ்வளவு தள்ளி நிற்பது என்பதுதான் அந்த முடிவு. நடிகருக்கு என்ன தெரியும், எது தெரியாது, எதைக் காட்டலாம், எதை மறைக்க வேண்டும் என்பதெல்லாம் அந்தத் தூரத்துக்குள் அடக்கம். நிஷிமோட்டோ அதைப் படிப்படியாகக் கற்றவர். பேய்ப்படத்தில் மறைக்கக் கற்றார். பாட்டுப்படத்தில் நகரக் கற்றார். கிங் ஹூவிடம் காத்திருந்தார். புரூஸ் லீயிடம் விலகி நின்றார். இந்த நான்கையும் ஒவ்வொன்றாகப் பார்ப்போம்.

அவர் 1921இல் பிறந்தவர். இளமை மஞ்சூரியாவில் கழிந்தது. ஜப்பான் அங்கே நிறுவிய பொம்மை அரசின் திரைப்பட நிறுவனமான மஞ்சூரியத் திரைப்படக் கழகத்தில்தான் தொழில் பழகினார். பேரரசின் பிரச்சாரத்துக்காக எழுப்பிய ஸ்டூடியோ அது. 1945இல் போர் முடிந்து பேரரசும் கவிழ்ந்தது. அடுத்த ஆண்டு ஜப்பானுக்குத் திரும்பினார்; பிறகு ஷின்தோஹோ நிறுவனத்தில் சேர்ந்தார்.

1950களின் பிற்பகுதியில் ஷின்தோஹோ சிக்கனமான பேய்ப்படங்களுக்குப் பேர்போன இடம். அங்கே நக்ககாவா நொபுவோ என்ற இயக்குநருடன் நிஷிமோட்டோ வேலை செய்தார். 1959இல் வந்த 'யோட்சுயா பேய்க்கதை' அவர்களுடைய உச்சம். கதையை ஜப்பானில் சிறு பிள்ளையும் அறியும். மனைவிக்கு விஷம் வைத்துக் கொன்ற சாமுராயை அவள் ஆவி விடாமல் துரத்துகிறது. பலகையில் ஆணியடித்து ஆற்றில் விட்ட சடலம் திரும்பி வருகிறது. தெரிந்த கதையை வைத்துப் பயமுறுத்துவது எப்படி? நிஷிமோட்டோ அகலத்திரையின் பாதியை இருட்டாகவே விட்டுவைத்தார். பார்ப்பவரின் கண் அந்த இருட்டைத் துழாவிக்கொண்டே இருக்கும். சிவப்பும் பச்சையும் மிகச் சில இடங்களில் மட்டும் திடீரென்று எழும். ஃப்ரேமை நிரப்பாமல் விடுவதும் ஒளிப்பதிவாளரின் வேலைதான் என்ற பாடம் இந்தப் படத்திலேயே இருக்கிறது.

ஜப்பானியப் பேய்ப்படக்காரர் ஹாங்காங்குக்கு ஏன் போனார்? இங்கே ஷா சகோதரர்களைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். ஷாங்காயில் தொடங்கி, சிங்கப்பூரில் வேரூன்றி, மலாயா முழுக்கத் தியேட்டர் நடத்திய குடும்பம் அது. கையிலே திறமை இல்லையென்றால் வெளியிலிருந்து வரவழைக்க அவர்கள் தயங்கியதே இல்லை. சிங்கப்பூரின் ஜாலான் அம்பாஸ் ஸ்டூடியோவில் மலாய்ப் படம் எடுக்க இந்தியாவிலிருந்து இயக்குநர்களை அழைத்தார்கள். 1956இல் அவர்கள் தயாரித்த வண்ணப்படமான 'ஹாங் துவா'வை இயக்கியவர் வங்காளத்தின் பணி மஜும்தார். மலாய் சினிமாவில் பெயர் பெற்ற எல். கிருஷ்ணன் நம் தமிழ்நாட்டுக்காரர். அதே கணக்கில்தான் ஹாங்காங் கிளைக்கு ஜப்பானியர்கள் வந்தார்கள். வண்ணத்துக்கும் சினிமாஸ்கோப்புக்கும் ஆசியாவில் அன்று ஜப்பானே முன்னோடி. ஷாவின் கலர் நெகட்டிவ் கழுவுவதற்குக்கூட ஜப்பானிய லேபுக்கே போனது. 1957இல் முதல் தடவை ஹாங்காங் போன நிஷிமோட்டோ, 1960களில் ஷாவின் ஒப்பந்தக் கேமராமேனாக அங்கேயே தங்கிவிட்டார்.

சீனப் பெயர் வைத்ததற்குக் காரணம் அரசியல். 1941 கிறிஸ்துமஸ் நாளில் ஹாங்காங் ஜப்பானிடம் வீழ்ந்து, மூன்று வருடம் எட்டு மாதம் அதன் பிடியில் கிடந்தது. பசியும் கொலையும் மக்கள் நினைவில் ஆறாத காலம். சீனப் பழங்கதையைப் பார்க்கத் தியேட்டருக்கு வருபவர் டைட்டிலில் ஜப்பானியப் பெயரைக் கண்டால் என்ன நினைப்பார் என்ற அச்சம் முதலாளிகளுக்கு இருந்தது. பின்னால் ஷாவுக்குப் படம் இயக்க வந்த ஜப்பானியர்களில் பலரும் இப்படிச் சீனப் பெயரோடுதான் திரையில் தோன்றினார்கள். இதில் நாம் கவனிக்க வேண்டியது ஒன்றுண்டு. உலகம் 'சீன' அழகியல் என்று கொண்டாடும் அந்தத் திரைத் தோற்றத்தை உருவாக்கியவர்களில் ஒருவர், சீனத்தை ஆக்கிரமித்த பேரரசின் ஸ்டூடியோவில் தொழில் பழகியவர். சினிமாவின் வம்சாவளி இப்படித்தான் சிக்கலாகக் கிடக்கிறது. கலப்பு இல்லாத மரபு என்று யாராவது சொன்னால், கேமராமேன் யார் என்று கேட்டுப் பாருங்கள்.

ஹாங்காங்கில் அவர் முதலில் எடுத்தவை சண்டைப்படங்கள் கிடையாது. லி ஹான்-சியாங் இயக்கிய அரண்மனைக் கதைகளும் பாட்டுப்படங்களும்தான். 1962இன் 'மேக்னிஃபிசென்ட் கான்குபைன்' கான் விழாவில் தொழில்நுட்பப் பரிசு பெற்றது. 1963இன் 'லவ் எடர்ன்' தைவானில் ஊரையே உலுக்கிய வெற்றி. ஆண் வேடமிட்டுப் படிக்கப் போகும் பெண்ணும் அவளுடன் படிக்கும் இளைஞனும் சேர முடியாமல் மாளும் கதை. முழுக்க ஹுவாங்மெய் என்ற சீன இசைநாடக மெட்டில் பாட்டு.

பாட்டுப்படம் எடுப்பவனுக்கு ஒரு கட்டுப்பாடு உண்டு. ஷாட்டின் நீளத்தைப் பாட்டு தீர்மானிக்கும். வரி முடியும்வரை வெட்ட முடியாது. ஆகவே கேமராதான் நகர வேண்டும். ட்ராலியிலும் கிரேனிலும் ஏறி, பாலம், படி, பூத்த மரம் என்று நடிகரோடு கூடவே போக வேண்டும். அந்தக் கால ஈஸ்ட்மன் கலர் நெகட்டிவின் வேகம் வெறும் 50 ஏஎஸ்ஏ. இன்று சாதாரணமாகக் கிடைக்கும் 500 வேக நெகட்டிவோடு ஒப்பிட்டால் பத்து மடங்கு வெளிச்சம் தேவை. அகலத்திரைக்கான அனமார்ஃபிக் லென்ஸ் போட்டால் ஃபோகஸ் ஆழமும் குறையும். இன்னும் லைட் கூட்டியாக வேண்டும். மேலே வரிசையாக எரியும் விளக்குகளின் சூட்டில், கனத்த பட்டு உடையில் நடிகர்கள். அந்த நிலையிலும் நகரும் கேமராவில் நிறம் கெடாமல், முகம் மங்காமல் எடுத்தார் நிஷிமோட்டோ. சண்டையும் ஒருவகை நாட்டியம் என்று எல்லோரும் சொல்கிறோம். அவரோ நாட்டியத்தை முதலில் எடுத்துவிட்டுத்தான் சண்டைக்கு வந்தார்.

'லவ் எடர்ன்' படத்தில் லி ஹான்-சியாங்குக்கு உதவியாக வேலை பார்த்தவர் கிங் ஹூ. பிறகு அவர் தன் வாள்சண்டைப் படமான 'கம் டிரிங்க் வித் மி'யைத் தொடங்கியபோது, கேமரா நிஷிமோட்டோ கையில் இருந்தது. நாயகி செங் பெய்-பெய் சண்டை கற்றவர் இல்லை, ஷாங்காயில் பாலே கற்றவர். இப்படி ஒருவரை வாள்வீராங்கனையாக நம்பவைக்க வேண்டும்.

படத்தின் சத்திரக் காட்சியைப் பாருங்கள். ஆண் உடையில் ஓர் இளம் பயணியாக நாயகி உள்ளே வந்து உட்காருகிறாள். சுற்றிலும் கொள்ளைக்காரர்கள். மேசைக்கு மேசை ஆள் நகர்கிறார்கள். பொருளை வீசிச் சீண்டுகிறார்கள். அவள் உட்கார்ந்த இடத்தை விட்டு அசைவதே இல்லை. தேவையான கணத்தில் கை மட்டும் அசைகிறது, அந்த அசைவு முடிந்த பிறகுதான் என்ன நடந்தது என்று நமக்கு உறைக்கிறது. ஸ்கோப் திரையின் அகலம் முழுக்க அடியாட்களின் நடமாட்டம். நடுவே ஒரு புள்ளி அசையாமல் இருக்கிறது. நடிகைக்குச் சண்டை தெரியாதே என்ற குறையைக் கேமரா இங்கே முதலாக்கிவிட்டது. அசைவைக் குறை, அசையாமையை நீட்டு, மற்றவர்களின் பயத்தைக் காட்டு. வீரம் தானாகப் பிறக்கும். பிறகு கோயில் முற்றத்தில் இரண்டு குறுவாள்களோடு அவள் கும்பலை எதிர்கொள்ளும்போது, நாம் முன்பே நம்பிவிட்டோம். அங்கே அவளுடைய பாலே உடம்பு கைகொடுக்கிறது. திரும்புவதும் நிற்பதும் அவ்வளவு துல்லியம். முழு உருவத்தையும் காட்டுமளவுக்குக் கேமரா தள்ளி நிற்கிறது.

இனி ரோமில் நடக்கும் 'வே ஆஃப் த டிராகன்'. 1972இல் புரூஸ் லீ முதல்முறையாகத் தானே இயக்க இறங்கினார். 'பிக் பாஸ்', 'ஃபிஸ்ட் ஆஃப் ஃபியூரி' இரண்டும் வெற்றி பெற்றிருந்தாலும், வேறொருவர் இயக்கத்தில் தன் சண்டையைக் காட்டியது போதும் என்று நினைத்தார். அவர் தேர்ந்த கேமராமேன் நிஷிமோட்டோ. இப்போது பிரச்சினை தலைகீழ். செங் பெய்-பெய்யிடம் இல்லாததை இருப்பதாகக் காட்ட வேண்டியிருந்தது. புரூஸ் லீயிடம் உண்மையாகவே இருப்பதைப் பொய் என்று யாரும் சொல்லிவிடாமல் காக்க வேண்டியிருந்தது.

கொஞ்சம் தொழில் நுணுக்கம் சொல்கிறேன். சினிமா அடி பெரும்பாலும் உடம்பில் படாது. சில அங்குலம் தள்ளிப் போகும். அந்த இடைவெளி தெரியாமலிருக்க, குத்து போகும் திசையிலேயே, ஒருவர் தோளுக்குப் பின்னால் கேமராவை வைப்பார்கள். நீண்ட லென்ஸ் போட்டால் இடைவெளி இன்னும் சுருங்கும். வேகம் போதவில்லையா, விநாடிக்கு 24 ஃப்ரேம் என்பதை 22 அல்லது 20 ஆகக் குறைத்து எடுப்பார்கள். 20இல் எடுத்ததை 24இல் ஓட்டினால் அசைவு 20 சதவீதம் வேகம் கூடும். இந்தத் தந்திரங்களெல்லாம் ஹாங்காங்கில் அன்றாட வழக்கம். வசனத்தைப் பின்னால் டப்பிங்கில் சேர்த்துக்கொள்வதால் கேமரா சத்தத்தைப் பற்றிய கவலையும் இல்லை. சின்னக் கேமராவைத் தூக்கிக்கொண்டு எங்கே வேண்டுமானாலும் நுழையலாம்.

புரூஸ் லீயோடு இந்தக் கணக்கு வேறு. விநாடிக்கு 24 ஃப்ரேமில் ஒவ்வொரு ஃப்ரேமும் வழக்கமாக 48இல் ஒரு பங்கு விநாடிதான் ஒளி வாங்கும். ஒரு கை விநாடிக்கு 8 மீட்டர் வேகத்தில் போனால், அந்த ஒற்றை ஃப்ரேமுக்குள்ளேயே அது 17 சென்டிமீட்டர் நகர்ந்துவிடும். திரையில் கை தெரியாது, கலங்கிய கோடுதான் தெரியும். கேமரா கிட்டே போகப் போக அந்தக் கலங்கல் திரையில் பெரிதாகும். வேகமான உடம்புக்குத் தூரம் தேவை என்பது ரசனை சம்பந்தப்பட்டது மட்டுமில்லை, இயற்பியலும்கூட.

கொலோசியச் சண்டையில் நிஷிமோட்டோ செய்தது இதுதான். புராதனச் சின்னத்துக்குள் நினைத்தபடி படமெடுக்க அனுமதி கிடைக்காததால், ரோமில் எடுத்த காட்சிகளோடு ஹாங்காங் ஸ்டூடியோ செட்டில் எடுத்தவை சேர்ந்தன. எதிரே கராத்தே சாம்பியன் சக் நாரிஸ். அடிதடி உடனே தொடங்கவில்லை. இருவரும் உடம்பை முறுக்குகிறார்கள், மூட்டை நெட்டி முறிக்கிறார்கள், தசையைச் சூடாக்குகிறார்கள். ஓர் ஓரத்தில் பூனைக்குட்டி வேடிக்கை பார்க்கிறது. சண்டை தொடங்கியதும் தலை முதல் கால்வரை இருவரும் ஒரே ஃப்ரேமில். ஆரம்பத்தில் லீ அடி வாங்குகிறார். பிறகு நிற்கும் முறையை மாற்றி, துள்ளும் காலோடு திரும்ப வருகிறார். அந்த மாற்றம் முழுக்கக் காலில் நடக்கிறது. முகத்தை மட்டும் க்ளோஸப்பில் காட்டியிருந்தால், ஏன் ஜெயித்தார் என்றே நமக்குத் தெரிந்திருக்காது. முழு உருவம் தெரிவதால்தான் அந்தச் சண்டையில் யோசனை தெரிகிறது.

இங்கே ஒருவர் கேட்கலாம்: கேமரா எங்கே நிற்பது என்பதை இயக்குநர்தானே முடிவு செய்கிறார், கேமராமேனுக்கு என்ன பெருமை? நியாயமான கேள்வி. ஷாவின் ஸ்டூடியோ ஒரு தொழிற்சாலை. நிஷிமோட்டோ அங்கே சொன்ன வேலையைச் செய்த சம்பளக்காரர். நினைவில் நிற்காத படங்களும் அவர் பட்டியலில் நிறைய உண்டு. ஆனால் நக்ககாவா, லி ஹான்-சியாங், கிங் ஹூ, புரூஸ் லீ நால்வரும் கேட்டவை நான்கு விதம். நால்வருக்கும் அவரவர் கேட்டதைக் கொடுத்து, ஒருவர் பாணியை இன்னொருவர் படத்தில் திணிக்காமல் இருந்தார். 'என் முத்திரை' என்று ஒரு வெளிச்சத்தை எல்லாப் படத்திலும் அடிப்பது எளிது. எதிரே நிற்கும் உடம்பைப் பார்த்துத் தன் இடத்தை மாற்றிக்கொள்வதற்குத்தான் பயிற்சி வேண்டும்.

அந்த இடம் தவறினால் என்னாகும் என்பதற்கு 'கேம் ஆஃப் டெத்' சாட்சி. 1972இல் லீ அதைத் தொடங்கினார். கேமரா மறுபடியும் நிஷிமோட்டோ. கோபுரத்தின் ஒவ்வொரு மாடியிலும் ஒரு எதிரி. அவர்களில் ஒருவர் கூடைப்பந்து வீரர் கரீம் அப்துல்-ஜப்பார், உயரம் 7 அடி 2 அங்குலம். லீ அவரைவிட ஒன்றரை அடி குறைவு. அகலம் அதிகம், உயரம் குறைவு என்றிருக்கும் ஸ்கோப் ஃப்ரேமில் இவர்கள் இருவரையும் எப்படி அடைப்பது? கரீம் நாற்காலியில் உட்கார்ந்தபடி தொடங்குகிறார். எழுந்தபின் கேமரா பின்னே போகிறது. அவர் காலின் நீளமே ஆயுதமாகிறது. மஞ்சள் உடையின் மார்பில் பதியும் அந்தப் பெரிய பாதத் தடம் வசனம் இல்லாமல் உயர வித்தியாசத்தைச் சொல்லிவிடுகிறது.

'என்டர் த டிராகன்' வாய்ப்பு வர, லீ இதைப் பாதியில் நிறுத்தினார். 1973 ஜூலை 20 அன்று இறந்துபோனார். 1978இல் வேறொரு கதையைச் சுற்றிக் கட்டி, இதே பெயரில் படம் வந்தது. அதில் லீ எடுத்த சண்டை ஏறக்குறைய பதினோரு நிமிடம்தான். மற்ற இடங்களில் டூப். டூப்பின் முகம் தெரியாமலிருக்கக் கறுப்புக் கண்ணாடி, தாடி, இருட்டு, வெட்டு. பிறகு திடீரென்று கோபுரத்துச் சண்டை வருகிறது. ஃப்ரேம் அகலமாகிறது, காலும் கையும் தெரிகின்றன. மறைக்க வேண்டியவனின் கேமராவும் மறைக்கத் தேவையில்லாதவனின் கேமராவும் ஒரே படத்தில் அடுத்தடுத்து ஓடுகின்றன. ஒளிப்பதிவு மாணவர்கள் இதைவிடத் தெளிவான பாடத்தை எங்கும் பார்க்க முடியாது.

பிறகு வந்தவர்கள் தூரத்தை வேறு விதமாகக் கணக்கிட்டார்கள். தைவானில் கிங் ஹூவின் 'எ டச் ஆஃப் ஜென்' படத்துக்கு ஹுவா ஹுய்-யிங் ஒளிப்பதிவு. மூங்கில் காட்டில் புகையினூடே வெயில் இறங்கும் அந்தச் சண்டையைக் கொண்ட படத்துக்கு 1975இல் கான் விழாவின் தொழில்நுட்பப் பரிசு கிடைத்தது. 2000இல் ஆங் லீயின் 'க்ரவுச்சிங் டைகர், ஹிட்டன் டிராகன்' மறுபடி மூங்கில் காட்டுக்குப் போனது. ஒளிப்பதிவு ஹாங்காங்கின் பீட்டர் பாவ். செஜியாங் மாகாணத்து ஆன்ஜியில் உண்மையான மூங்கில்களுக்கு மேலே ரோப் கட்டி நடிகர்களை மிதக்கவிட்டு எடுத்தார்; ரோப் பின்னால் கம்ப்யூட்டரில் அழிக்கப்பட்டது. 2001 மார்ச்சில் ஒளிப்பதிவுக்கான ஆஸ்கர் அவருக்குக் கிடைத்தது. அந்தப் படத்தில் 'ஜேட் ஃபாக்ஸ்' என்ற வில்லியாக வருபவர் யார் தெரியுமா? சத்திரத்தில் அசையாமல் உட்கார்ந்திருந்த அதே செங் பெய்-பெய். ஹாங்காங் மண்ணில் நிஷிமோட்டோ போன்றவர்கள் விதைத்த தொழில் மரபில் வளர்ந்தவருக்குத்தான் அந்த ஆஸ்கர் போயிற்று.

நிஷிமோட்டோவுக்கு அப்படி உலக மேடை வாய்க்கவில்லை. ஜப்பானிய விமர்சகர்கள் யமதா கோயிச்சியும் யமானே சதாவோவும் அவரிடம் எடுத்த நீண்ட நேர்காணல் 2004இல் நூலாக வந்தது. நக்ககாவாவிலிருந்து புரூஸ் லீவரை என்பது அதன் வழி. சீனப் பெயருக்குப் பின்னால் இருந்தவர் தன் சொந்தப் பெயரில் வாசகரிடம் விரிவாக வந்து சேர்ந்தது அதில்தான்.

இளம் ஒளிப்பதிவாளர்கள் சிலர் இங்கே வந்திருக்கிறீர்கள். உங்களுக்காக இதைச் சொல்லி முடிக்கிறேன். இன்று கேமரா எதையும் செய்யும். ட்ரோன் பறக்கும், ஜிம்பல் ஓடும், 500 வேகத்தைவிட எத்தனையோ மடங்கு உணர்திறன் கொண்ட சென்சார் இருட்டிலும் பார்க்கும். அதனாலேயே சண்டை என்றால் கிட்டே போய்க் குலுக்குவது என்றாகிவிட்டது. குலுக்கல் தப்பென்று நான் சொல்லவில்லை. சண்டை தெரியாத நடிகரைக் காப்பாற்ற அது உதவும். குழப்பத்தைக் காட்டவும் உதவும். ஆனால் ஆறு மாதம் பயிற்சி எடுத்து வந்த நடிகரின் முன்னாலும் அதே குலுக்கலைப் போட்டால், அவர் பட்ட பாட்டை நாமே அழித்துவிடுகிறோம். கேமராவை வைக்கும் முன் நடிகரின் ஒத்திகையை ஓரமாக நின்று முழுக்கப் பாருங்கள். அவருக்கு என்ன வரும், எது வராது என்று ஸ்டண்ட் மாஸ்டரிடம் கேளுங்கள். வருவதற்குத் தள்ளி நில்லுங்கள். வராததற்கு மட்டும் கிட்டே போங்கள்.

பார்வையாளர்களுக்கும் ஒரு வேலை தருகிறேன். அடுத்து எந்தச் சண்டைக் காட்சியைப் பார்த்தாலும், நடிகரின் பாதம் தெரிகிறதா என்று பாருங்கள். தெரிந்தால், அவரை நம்பித் தள்ளி நிற்க ஒரு ஒளிப்பதிவாளர் துணிந்திருக்கிறார் என்று பொருள். படம் முடிந்து டைட்டில் ஓடும்போது எழுந்து போகாமல் அவர் பெயரையும் படித்துவிட்டுக் கிளம்புங்கள்.